காதில் சொன்ன பெயர்

"கேக்கையே மாத்திக் குடுத்துட்டாங்க லா, தம்பி! எந்தக் கெழவியோட பர்த்டே கேக்கோ இது!"

பெட்டியைத் திறந்த பிரேமாவதி கூடத்திலிருந்தே கத்தினாள். கேக்கின் மேல் ரோஸ் கிரீமில் 'செங்கமலம்' என்று எழுதியிருந்தது.

காளிதாசன் தலையைச் சொறிந்தான். "மாறலக்கா. பாப்பா பேருதான்."

தம்பி மகளின் முப்பதாம் நாள் விசேஷத்துக்கென்று சுங்கைப்பட்டாணியிலிருந்து பாடாங் செராய்க்கு வந்திருந்த பிரேமாவதிக்கு வந்ததே கோபம். எண்கணிதம் பார்த்து அவள் அனுப்பிய 'யக்ஷிதாஸ்ரீ' என்ன ஆயிற்று? காதில் பெயர் சொல்லித் தொட்டிலில் போட வேண்டிய அத்தையே அவள்தான். அவளிடம்கூட ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"லோகா, ஸ்கூல்ல புள்ளைங்க சிரிக்க மாட்டாங்களா? இந்தக் காலத்துல யாரு இப்படிப் பேரு வைக்கிறா?"

"செந்தாமரைன்னு அர்த்தம் அண்ணி. வாய் நெறய வரும், சொல்லிப் பாருங்க," என்றாள் தம்பி மனைவி லோகேஸ்வரி.

"அர்த்தமெல்லாம் இருக்கட்டும். பேர மாத்து. இல்லன்னா நான் காதுல சொல்ல மாட்டேன்."

"மாத்த முடியாது அண்ணி. பொறந்த சூரா எடுத்தாச்சு." பிறப்புப் பத்திரத்தைக் கொண்டுவந்து காட்டினாள்.

ரப்பர் தோட்டத்துச் சனம் முழுக்கக் கூடத்தில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தது. இத்தனை பேர் முன்னால் கோபித்துக்கொண்டு போனால் தம்பிக்குத்தான் அசிங்கம். பிரேமாவதி வேண்டாவெறுப்பாகக் குனிந்தாள். காதில் மெதுவாகச் சொல்ல வேண்டியது, கோபத்தில் சத்தமாகவே வந்துவிட்டது.

"செங்கமலம்!"

"தோ, வந்துட்டேம்மா!"

கொல்லைப்புற அடுப்படியிலிருந்து ஈரக் கையோடு ஓடிவந்தாள் ஒரு கிழவி. தோட்டத்துப் பிள்ளைக் கொட்டகையில் முப்பது வருஷம் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டவள். எல்லாருக்கும் அவள் ஆயா. அவளுக்கென்று ஒரு பெயர் இருக்கும் என்று லோகேஸ்வரியைத் தவிர அங்கே யாரும் நினைத்துப் பார்த்ததில்லை.

"யாரும்மா என்னைப் பேரு சொல்லிக் கூப்புட்டது?" ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள்.

லோகேஸ்வரி பிரேமாவதியின் பக்கம் திரும்பினாள்.

"எங்கம்மா பால்மரம் வெட்டப் போனப்ப என்னை வளர்த்தது இந்த ஆயாதான் அண்ணி. அதுக்குப் பொறந்த சூராவும் இல்ல, அடையாள அட்டை ஐசியும் இல்ல. பாப்பா வயித்துல இருந்தப்பகூட நான்தான் பதிவு ஆபீசுக்குக் கூட்டிட்டுப் போனேன். அப்படி ஒரு பேரே பதிவுல இல்லன்னு கவுண்டர்ல திருப்பி அனுப்பிட்டாங்க."

பத்திரத்தை ஆயாவின் முன்னால் விரித்தாள். "இப்ப இருக்கு ஆயா. இங்க பாருங்க."

ஆயாவுக்குப் படிக்கத் தெரியாது. கையைச் சேலையில் நன்றாகத் துடைத்துக்கொண்டு, லோகேஸ்வரி காட்டிய எழுத்தைத் தொட்டுப் பார்த்தாள்.

பெயரை மூன்று தடவை சொல்வது வழக்கம். பிரேமாவதி மூக்கை உறிஞ்சிக்கொண்டு, இரண்டாம் தடவை குழந்தையின் காதில் மெதுவாகச் சொன்னாள்.

மூன்றாம் தடவை நிமிர்ந்து, ஆயாவின் முகத்தைப் பார்த்துச் சொன்னாள்.