தலைமாட்டுக் கல்

ஊருக்கு வர நேரமில்லாத பிள்ளைகளுக்காகவே பூமி அந்தக் கல்லைப் பெற்றுப்போட்டது போலும். தலைமாட்டில் வைத்தால் போதும், கட்டிலில் கிடப்பவருக்குக் காலம் அப்படியே நின்றுவிடும். மாவட்டத்துக்கே இரண்டு கற்கள்தான். அதில் ஒன்றை, கனடாவில் உட்கார்ந்தபடியே சிபாரிசு பிடித்து, அரக்கோணத்தில் இழுத்துக்கொண்டிருந்த அப்பாவுக்கு அனுப்பிவைத்தான் இளஞ்சேரன். என்ன பாசம்!

"அடுத்த மாசம் வந்துடுறேன்க்கா. நான் முகம் பாக்குற வரைக்கும் கல்லை எடுத்துடாத" என்றான்.

பேச்சு மாறாதவன். இருபது வருடமாக அடுத்த மாதம் என்றேதான் சொன்னான்.

அக்கா சுகந்தி கட்டிலைச் சுற்றிக் கூட்டினாள், கொசுவலையைத் துவைத்தாள். பெண் பார்க்க வந்தவர்களிடம், "அப்பா காரியம் முடியட்டும்" என்றாள். அப்பா போகவில்லை, வந்தவர்கள் போனார்கள். அப்பாவின் இரண்டு நாள் தாடிகூட வளரவில்லை. அவளுக்குத்தான் தலை முழுக்க வெளுத்தது, முன்பல் இரண்டு விழுந்தது.

ஒருவழியாக இளஞ்சேரன் வந்தான், கருகருவென்று சாயம் பூசிய தலையோடு.

"சீக்கிரம் எடுக்கா, நாளன்னைக்குத் திரும்பணும்."

சுகந்தி கல்லை எடுத்தாள். அப்பா கண் திறந்தார்.

"சேரா! சொன்ன உடனே ஓடி வந்துட்டியேப்பா!" என்று பூரித்தார். பிறகு சுகந்தியின் பக்கம் திரும்பினார்.

"நர்ஸம்மா, எம் பொண்ணக் கொஞ்சம் கூப்பிடுங்க. பக்கத்துலயே இருன்னு சொன்னேன், எங்க போய்த் தொலைஞ்சாளோ!"

மிச்சமிருந்த ஒரே மூச்சு அதற்குத்தான் போதுமானதாக இருந்தது.