தலை சுத்துதா, டாக்டர்?

“டாக்டரம்மா, எழுந்திருங்க! அசரீரி கூப்பிட்டாச்சு!”

அலாரம் காதைத் துளைத்தது. தடுப்புக்கு அந்தப் பக்கம் பைலட் பாட்டு முணுமுணுத்தபடி முகம் கழுவிக்கொண்டிருந்தார். ஒரு வாரமாக பிளாஸ்டிக் வாளியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு முனகிய மனிதர்!

டாக்டர் கட்டிலை விட்டு இறங்கினாள். இரண்டடி வைத்ததுமே தோள் அலமாரியில் ‘டங்’கென்று மோதியது.

அது ஜன்னல் இல்லாத வட்ட அறை. ராட்டினம் மாதிரி சுற்றும் அறை. விண்வெளியில் சக்கர வடிவத்தில் ஒரு நிலையம் தயாராகிக்கொண்டிருந்தது. சக்கரம் சுற்றினால்தான் உள்ளே இருப்பவர்களின் கால் தரையில் பதியும், உடம்புக்குக் கனம் இருக்கும், எலும்பு தேயாது. ஆனால் அந்தச் சுற்றலுக்குத் தலை ஒத்துழைக்க வேண்டுமே? அதைச் சோதிக்கத்தான் பூமியில் இந்த அறை. மேலே போகும் குழுவில் மிச்சமிருந்தது ஒரே இடம். அதற்குப் போட்டி இவர்கள் இரண்டு பேர்.

நடுவில் வெளியே போகவும் முடியாது. கதவைத் திறக்க வேண்டுமென்றால் அறை நிற்க வேண்டும். அது மெல்ல மெல்ல நிற்க அரை மணி நேரமாவது ஆகும்.

டாக்டருக்கு மூன்றாம் நாளே சூட்சுமம் பிடிபட்டுவிட்டது. ஓடும் பஸ்ஸில் டிக்கெட் கொடுக்கும் கண்டக்டரைப் போல, லேசாகச் சாய்ந்து சாய்ந்து அறையையே வலம் வந்தாள். “உங்களுக்கு முதுகெலும்பா, பம்பரமா?” என்று வாளிக்குள்ளிருந்து கேட்பார் பைலட்.

இன்றைக்கு எல்லாம் தலைகீழ்.

“புடிங்க சோப்பை!”

கையை நீட்டினாள். சோப்பு கைக்கு வரவில்லை. காதை உரசிக்கொண்டு போய்ச் சுவரில் அடித்தது.

“என்னம்மா, நான் இங்கேருந்து போட்டா நீங்க அந்தக் கோடியில கையை நீட்டறீங்க?”

“தூக்கக் கலக்கம் சார்.”

தூக்கக் கலக்கமில்லை என்று அவளுக்கே தெரிந்தது. சுவருக்குப் பின்னால் மோட்டார் எப்போதும்போல உறுமிக்கொண்டிருந்தது.

போயும் போயும் இன்றைக்கா? இரண்டு தடவை கடைசிச் சுற்றில் தோற்றவள். அடுத்த தேர்வுக்குள் வயது வரம்பு தாண்டிவிடும். நேற்று போனில் கணவன் சொன்னது காதிலேயே நின்றது: “உன் பொண்ணுக்கு ரெட்டைப் பின்னல் போடக் கத்துக்கிட்டேன். நீ தோத்துட்டு வந்து நின்னே, என் உழைப்பெல்லாம் வீண்!”

“ரெண்டு பேரும் தயாரா?” கூரையிலிருந்த ஒலிபெருக்கி கேட்டது. பரிசோதனையின் தலைவி. முகம் காட்டாமல் குரல் மட்டும் வருவதால் அசரீரி என்று பெயர் வைத்ததும் பைலட்தான்.

சுவரைச் சுற்றி ஐந்து விளக்குகள். எது எரிகிறதோ, சட்டென்று தலையைத் திருப்பி அதைத் தொட வேண்டும்.

பைலட் முதலில் போனார். டக், டக், டக். ஒன்றுகூடத் தப்பவில்லை.

“பார்த்தீங்களா? பழகிடுச்சு!” என்று தன் முதுகைத் தானே தட்டிக்கொண்டார்.

டாக்டரின் முறை. முதல் விளக்குக்குத் திரும்பியதுமே அறை குட்டிக்கரணம் போட்டது. இரண்டாவது விளக்கு இரண்டாகத் தெரிந்தது. மூன்றாவதற்குப் பதில் பைலட்டின் மூக்கைத் தொட்டாள்.

“அது எரியலைம்மா, சிவப்பா இருக்கு, அவ்வளவுதான்” என்றார் அவர். பாவமாகவும் இருந்தது அவருக்கு.

“கடைசியா ஒரே கேள்வி” என்றது குரல். “தலை சுத்துதா? பைலட்?”

“எனக்கா? கல்லு மாதிரி நிக்கறேன் மேடம்.”

“டாக்டர்?”

பைலட் அவள் பக்கம் குனிந்து கிசுகிசுத்தார். “தலைக்குள்ள கேமரா கிடையாதும்மா. இல்லைன்னு சொல்லிடுங்க. இன்னிக்கு சரியில்ல, நாளைக்குச் சரியாயிடும்.”

சொல்லிவிடலாம். மூன்றே எழுத்து. ஆனால் மேலே போன பிறகு யாருக்காவது வயிற்றைத் திறக்க வேண்டி வந்தால்? கத்தி பிடித்த கையும், இன்றைக்கு சோப்பைத் தவறவிட்ட மாதிரி, தப்பான இடத்துக்குப் போனால்?

“சுத்துது மேடம்” என்றாள். “நேத்து வரைக்கும் இல்ல. இன்னிக்கு நிக்கவே முடியல. என்னை நம்பி யாரையும் மேல அனுப்பாதீங்க.”

கண்ணில் நீர் முட்டியது. சுவரைப் பிடித்துக்கொண்டே போய்ப் பையில் துணிகளைத் திணிக்க ஆரம்பித்தாள்.

“சரி, கதவைத் திறக்கறேன்” என்றது குரல்.

“அவசரமில்லம்மா, பொறுமையா அடுக்குங்க. அறை நிக்கவே இன்னும் அரை மணி நேர...”

பைலட் முடிக்கவில்லை. கதவு அந்த நொடியே திறந்தது. ஒரு கால் நடைபாதையிலும் ஒரு கால் அறைக்குள்ளும் வைத்தபடி தலைவி நின்றிருந்தாள், அசையாமல்.

“நேத்து ராத்திரி நீங்க தூங்கினதுமே அறையை நிறுத்திட்டோம், இப்போ கேக்கற மோட்டார் சத்தம் வெறும் ஒலிப்பதிவு” என்று சொல்லி டாக்டரின் கையைப் பிடித்துக்கொண்டாள் அவள். “சுத்தறதுக்கு முழுசாப் பழகின தலைக்குத்தாம்மா, நின்ன அறையில சுத்தும்!”