கண்ணில் கனவு

"கண்ணிலை கனவு இல்லை அண்ணை. இன்னொருக்காச் சொல்லுங்கோ!"

சொன்னவள் யோசெப்பின், பாரிசிலிருந்து நேற்றுத்தான் ஒஸ்லோ வந்திறங்கிய இயக்குநர். நோர்வேத் தமிழர் எடுக்கப்போகும் முழுநீளப் படத்துக்கு மோர்டென்ஸ்ருட் புறநகர் மண்டபம் ஒன்றில் நடிகர் தேர்வு. மற்றவர்கள் எல்லாரும் போகும்வரை வெளியே நின்று, கடைசி ஆளாக உள்ளே வந்திருந்தார் மகேசன்.

படத்தில் ஒரு தயாரிப்பாளர் வேடம். ஒரேயொரு காட்சிதான். திரையில் தன் முகம் பார்க்கச் சின்ன வயதிலிருந்தே ஏங்கியவருக்கு அது போதும். ஆனால் யாருடைய சிபாரிசும் இல்லாமல் கிடைக்கவேண்டும் என்று ஒரு பிடிவாதம்.

சன்னலுக்கு வெளியே பனி சத்தமில்லாமல் விழுந்துகொண்டிருந்தது. நிலையத்தை விட்டுப் புறப்பட்ட ரயில் அந்த வெள்ளைக்குள் மெல்லக் கரைந்தது. உலகமே ஒரு வெண்திரைபோல் இருந்தது. அதில் தன் முகத்தை வைத்துப் பார்த்தபடி மகேசன் வசனத்தைச் சொன்னார்.

"இது சின்ன நாடு. நாங்கள் அதுக்குள்ளை இன்னும் சின்ன நாடு. எண்டாலும் இந்தப் பனிக்குள்ளை எங்கடை சினிமா முளைக்கும். அதைக் கனவு காண ஒருத்தன் வேணும். அவன் நான்!"

"கட்! பஸ்ஸுக்கு நிக்கிற ஆள் மாதிரிக் கிடக்கு. தயாரிப்பாளர் எண்டால் ஒரு மிடுக்கு வேண்டாமே?"

"எனக்குத் தெரிஞ்ச தயாரிப்பாளர் இப்பிடித்தான் கதைப்பான், பிள்ளை."

"உங்களுக்கு எந்தத் தயாரிப்பாளரைத் தெரியும்?" யோசெப்பின் சிரித்தாள். "எங்கடை தயாரிப்பாளரை நானே இன்னும் நேரிலை காணேல்லை. போனிலை ஒரு 'ஹலோ' சொன்னாலே போதும். சிங்கம்!"

"இன்னொருக்காச் செய்து பாக்கட்டே?"

"வேண்டாம் அண்ணை. சனக்கூட்டக் காட்சியிலை பின்னுக்கு நில்லுங்கோ. முதுகு நல்லாத்தான் இருக்கு."

"முகம் தெரியுமே?"

"தெரியாது."

மகேசன் தொப்பியை மாட்டிக்கொண்டு திரும்பினார்.

"பொறுங்கோ. தயாரிப்பாளர் இப்ப வாறனெண்டவர். கதவடியிலை நிண்டு, அவர் நடந்து வாற வடிவைப் பாருங்கோ. பழகலாம்." கைபேசியை எடுத்துத் தயாரிப்பாளரின் எண்ணை அழுத்தினாள்.

கதவடியில் நின்ற மகேசனின் கோட்டுப் பைக்குள் மணி அடித்தது. அவர் எடுத்து, மெல்ல "ஹலோ" என்றார்.

யோசெப்பின் எழுந்து நின்றாள். கைபேசியைக் காதிலிருந்து எடுக்காமலே அவர் முகத்தை உற்றுப் பார்த்தாள்.

"ஐயோ ஐயா, உந்தக் கண்ணிலை எவ்வளவு கனவு!"