லைப்ரரி ஃபைலைக் காணோம்

"இன்னாம்மா, இன்னுமா வரல?" என்றார் ஜெயராமன்.

மோனிகா கார்டை உருவி, மறுபடியும் ரீடரில் செருகினாள். பச்சை விளக்கு எரிந்தது. திரையில் என்னவோ அதே செய்திதான்.

"லைப்ரரி ஃபைல் இல்லைன்னு காட்டுது சார்."

"லைப்ரரியா? அதுக்கு நூலகத்துல போய்க் கேக்கணுமா?"

"அந்த லைப்ரரி இல்ல சார். சாஃப்ட்வேரும் கார்டு ரீடரும் நேரா பேசிக்காது. நடுவுல நின்னு பேச்சை எடுத்துக் குடுக்கிற ஃபைல் ஒண்ணு இருக்குது. அதைத்தான் காணோம்."

"நேத்து இருந்துச்சில்ல?"

அதுதான் மோனிகாவுக்கும் புரியவில்லை. நேற்று சாயந்திரம்கூட இதே கம்ப்யூட்டரில் ஒரு காண்டிராக்டருக்கு டெண்டர் போட்டுக் கொடுத்தாள். ஒரே ராத்திரியில் ஃபைலுக்குக் கால் முளைத்து, செஞ்சிக் கோட்டையைச் சுற்றிப் பார்க்கப் போய்விட்டதா?

ஜெயராமன் பக்கத்து ஊராட்சி ஒன்றின் துணைத் தலைவர். ஆனால் அவர் கொண்டுவந்த கார்டு தலைவி மீனம்பாளுடையது. அது இருந்தால்தான் பில்லில் தலைவியின் டிஜிட்டல் கையெழுத்து விழும். மீனம்பாள் காலனித் தெருக்காரர். ஜெயித்து வந்த கையோடு, "உனக்கு எதுக்கும்மா இந்தத் தொல்லை?" என்று கார்டையும் பின் நம்பரையும் ஜெயராமன் வாங்கி வைத்துக்கொண்டார்.

இன்றைய பில், காலனித் தெருவில் சிமென்ட் ரோடு போட்டதற்கு. மோனிகாவின் சித்தி வீடு அந்தத் தெருவில்தான். போன ஞாயிற்றுக்கிழமை செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு சேற்றில் நடந்தவள் அவள். போடாத ரோட்டுக்கு பில்! நாளைக்குப் பிரச்சினை என்றால் கம்பி எண்ணப் போவது மீனம்பாள்தான்.

காலையில் ஜெயராமன் இந்த பில்லைப் பற்றிப் போனில் சொன்னபோதே முதலாளி பாலமுரளியிடம் அவள் முறையிட்டுப் பார்த்தாள்.

"நமக்கு எதுக்கு ஊர் வம்பு? போய் வேலையைப் பாரு" என்றுவிட்டார். பெரிய மனிதர்களைக் கண்டால் பாலமுரளியின் முதுகு தானாகவே வளையும். செஞ்சி பஜாரில் கடை நடத்த வேண்டுமே!

"ஒரு வேலை உருப்படியா தெரியுதா உனக்கு? ஐயா எவ்ளோ நேரமா உக்காந்திருக்காரு!" கல்லாவிலிருந்தே கத்தினார் இப்போது.

மோனிகாவுக்கு அழுகை முட்டியது. வேலை போய்விடுமோ என்ற பயம் வேறு. "இதோ, நெட்லருந்து எறக்கிடறேன் சார்..."

"கையை எடு! கண்டதையும் எறக்கி சிஸ்டத்தைக் கெடுக்காத." ஜெயராமனிடம் திரும்பிக் குழைந்தார். "ஐயா, அந்த ஃபைலு போயிட்டா, கார்டு யார் பேருல இருக்குதோ அவங்க நேர்ல வந்து உக்காந்தாத்தான் மறுபடியும் வரும். வேற கடைக்குப் போனாலும் இதேதான். தப்பா செருகினா கார்டே லாக் ஆயிடும்."

இப்படி ஒரு சட்டத்தை மோனிகா எந்த ஜென்மத்திலும் கேட்டதில்லை. வாயைத் திறந்தாள். முதலாளி முறைத்த முறைப்பில் மூடிக்கொண்டாள். இந்த ஆளுக்குத் தெரியவில்லையா, இல்லை எனக்குத்தான் எதுவும் தெரியவில்லையா?

"அவ வந்து கம்முனு உக்காந்தா போதுமில்ல?" சலித்துக்கொண்டே ஜெயராமன் போன் போட்டார். "மீனா, ஒடனே கெளம்பி செஞ்சிக்கு வா."

மீனம்பாள் ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கினார். கடைக்குள் வந்தும் நின்றுகொண்டே இருந்தார்.

"உக்காருங்க பிரசிடெண்டம்மா." பாலமுரளி தன் நாற்காலியையே இழுத்துப் போட்டார். "மோனிகா, திரையை அவங்க பக்கம் திருப்பு. எதுக்குக் கையெழுத்துன்னு படிச்சுக் காட்டு. அதுவும் ரூல்தான்."

இது எந்த ஊர் ரூல்? குழப்பத்தோடேயே மோனிகா படித்தாள்.

"எங்க தெருவுக்கு ரோடா?" மீனம்பாள் ஜெயராமனை நிமிர்ந்து பார்த்தார். "எங்கய்யா போட்டீங்க?"

"அது... போடத்தான் போறோம். பில்லு முன்னாடி..."

"போடுங்க. அப்புறம் பில்லைப் பாக்கலாம்." மீனம்பாள் கார்டை உருவித் தன் பைக்குள் வைத்துக்கொண்டார். "இனிமே இது எங்கிட்டயே இருக்கட்டும்."

ஜெயராமன் என்னென்னவோ சொல்லிப் பார்த்தார். மீனம்பாள் பையை மடியை விட்டு எடுக்கவில்லை. கடைசியில் ஜெயராமன் துண்டை உதறிக்கொண்டு எழுந்து போனார்.

மீனம்பாள் மோனிகாவிடம் கேட்டார்: "பின் நம்பரை மாத்த முடியுமா கண்ணு?"

மோனிகாவுக்குச் சந்தோஷம் ஒரு பக்கம், சங்கடம் ஒரு பக்கம். "மாத்தலாம்க்கா. ஆனா அதுக்கும் அந்த ஃபைல் வேணுமே... அதைத்தான் காணோமே சார்?"

பாலமுரளி வாசலை எட்டிப் பார்த்தார். ஜெயராமனின் வண்டி திருவண்ணாமலை ரோட்டில் திரும்பிவிட்டிருந்தது.

"ரீசைக்கிள் பின்ல கெடக்குது, எடுத்துப் போட்டுக்கோ" என்றார் மெதுவாக. "காலையில நீ சொன்னதும் நான்தான் தூக்கி அதுல போட்டேன்."