வலைக்குப் பின்னால் ஒரு குரல்

"புருசன் பந்தெறியிற நேரம் பாத்து உனக்கு ஃபோனில அப்பிடி என்னடி கதை?" என்று, ஆட்டத்தை நேரலையில் பார்த்துவிட்டு அன்ரனீற்றா ஒருநாள் கேட்டிருந்தாள். வைஷாலி சிரித்துச் சமாளித்தாள்.

இன்றைக்கும் வைஷாலியின் காதில் ஃபோன் இருந்தது. பக்கத்திலேயே அன்ரனீற்றாவும் இருந்தாள். முன்னால் வலை. வலைக்கு அந்தப் பக்கம் மட்டைக்காரர்கள் நிற்கும் இடம், அதற்கும் அப்பால் பந்தெறியும் மண்மேட்டில் அவள் புருசன் சுலக்ஷன்.

பேஸ்போல் எறியாளன் என்ற பெயரோடு ஒன்பது வருடம் ஊர் ஊராக அலைந்தவன் அவன். அமெரிக்காவில் யாரும் கேள்விப்படாத மூன்று கழகங்கள், தாய்வானில் ஒரு பருவம், அதிலும் பாதி நாள் ஆட விடாமல் ஓரத்து வாங்கில் இருத்திவிட்டார்கள். ஆக்லாந்துக்குத் திரும்பிய பிறகும் சனம், "தம்பி கிரிக்கெற்தானே?" என்றுதான் கேட்டது.

"இன்றைய ஆட்டத்தை முடித்துக் கொடு, அடுத்த வருடமும் நீ இங்கே" என்று பயிற்சியாளர் காலையில் சொல்லியிருந்தார். இல்லையென்றால் மவுண்ட் வெல்லிங்டனில் சாமான் கிடங்கு வேலைதான். எதிரணியில் இனி ஒரே ஓர் ஆள் அவுட்டாக வேண்டும்.

அன்ரனீற்றா ஃபோனை எட்டிப் பார்த்தாள். "அடி பாவி! லைனில ஆளே இல்லையே!"

"சும்மா இரடி. எல்லாற்ற வீடியோவும் வீட்டில பாத்து வச்சிருக்கிறன். ஆருக்கு எந்தப் பந்து ஆகாதெண்டு, ஃபோனில கதைக்கிற மாதிரி இவருக்குக் கத்திச் சொல்லுறது நான்தான்."

"பிடிபட்டா?"

"வெள்ளைக்காரனுக்கும் சீனனுக்கும் எங்கட பாஷை விளங்குமே?"

ஒலிபெருக்கி புது ஆளை அறிவித்தது. வொங், மலேசியா. அவன் குனிந்து மண்ணைத் தொட்டு இரண்டு கண்களிலும் ஒற்றிக்கொண்டு மட்டையைத் தூக்கினான். ஒவ்வொருவனுக்கும் ஒவ்வொரு கிறுக்கு என்று வைஷாலி நினைத்தாள்.

"இஞ்சேருங்கோ, வெளியால! கீழ!"

பந்து வெளியோரமாகத் தாழ்ந்து வந்தது. வொங் அசையவில்லை. நடுவரின் கை உயர்ந்தது. ஒன்று. இப்படி மூன்று தவறவிட்டால் ஆள் அவுட். வொங் திரும்பி வலையைப் பார்த்தான். சத்தம் இடைஞ்சல் போலும் என்று வைஷாலி கைகாட்டி மன்னிப்புக் கேட்டாள்.

"உள்ளால! வேகமா!"

இம்முறையும் அவன் அசையவில்லை. இரண்டு.

"இவனென்ன மரமாட்டம் நிக்கிறான்?" என்றாள் அன்ரனீற்றா.

"பயந்திட்டான். இன்னும் ஒண்டுதான்." வைஷாலி ஃபோனைக் காதோடு அழுத்திக்கொண்டாள். "இஞ்சேருங்கோ, இப்ப மெதுவா! வெளியால!"

சுலக்ஷன் மாட்டேன் என்று தலையாட்டினான். பந்து பிடிப்பவனுக்கல்ல, நேரே வலைக்கு. சுலக்ஷனுக்கு வேகப்பந்து எறியத்தான் விருப்பம். அவள் எழுந்தே விட்டாள்.

"சொல்லுறதைக் கேளுங்கோப்பா! மெதுவா!"

அவன் பந்தை விரல்களில் உருட்டினான். பிறகு தலையசைத்தான்.

பந்து மிதந்து வந்தது. வொங் ஒரு கணம் பொறுத்தான், பிறகு வீசினான். மட்டை வெடித்தது போல் சத்தம். பந்து வேலிக்கு மேலால் போய், கார்கள் நிற்கும் இடத்தில் எங்கோ விழுந்தது.

பயிற்சியாளர் மண்மேட்டுக்கு வந்து, இனி வேறு ஆள் எறியட்டும் என்று பந்துக்குக் கையை நீட்டினார். சுலக்ஷனுக்குப் புதுப்பந்து ஒன்று கொடுத்திருந்தார்கள். அதை அந்தக் கையில் வைத்தான்.

வொங் மைதானத்தை ஒரு சுற்று ஓடி முடித்து, தலைக்கவசத்தைக் கழற்றிக்கொண்டு வலையருகே வந்தான்.

"எங்கம்மா கிள்ளான் தமிழச்சி, அக்கா. கொஞ்சம் சத்தம் கம்மியா பேசியிருக்கலாம் லா."

வைஷாலி ஃபோனைக் காதிலிருந்து எடுத்தாள். வலையோரமாக வந்த சுலக்ஷன் இரண்டு பேரையும் பார்த்தான். பிறகு கையுறையைக் கழற்றி அவள் முன்னால் வைத்துவிட்டுப் போனான்.