சொல்லக் கூடாத சக்கரவர்த்தி

"எந்திரிச்சு நில்லுய்யா. மகாராணியோட ஆணை வந்திருக்கு."

பீட்டர்ஸ்பர்க் அரண்மனையில் அரச வம்சாவளி எழுதும் அனிசிம் நாற்காலியை விட்டு அசையவில்லை. "முட்டிவலி, மேஜர் ஐயா. என்ன ஆணை?"

"ஒருத்தர் பேர் இருக்கிற காகிதத்தை எல்லாம் எரிக்கணும். ஒளிச்சு வச்சாலும் சைபீரியா, அந்தப் பேரை வாயால சொன்னாலும் சைபீரியா."

"யார் பேரு?"

மேஜர் கர்போவ், பின்னால் நின்ற இரண்டு சிப்பாய்களை ஓரக்கண்ணால் பார்த்தார். "அதான்யா, மகாராணிக்கு முன்னாடி இருந்தவரு."

"மகாராணியோட அப்பாவா?"

"அவர் பேரை எரிப்பாங்களா? தொட்டில்ல படுத்துக்கிட்டே பதிமூணு மாசம் ஆண்டாரே, மகாராணி சிம்மாசனத்தை விட்டு எறக்கினாங்களே, அவரு."

"தொட்டில்ல படுத்துக்கிட்டு யாராவது நாட்டை ஆளுவாங்களா? வம்சாவளி எழுதற எனக்கே தெரியலையே. பேரைச் சொல்லுங்க, தேடித் தர்றேன்."

மேஜருக்குப் பொறுமை போய்விட்டது. "சக்கரவர்த்தி இவான், மண்டு!"

அனிசிம் சிப்பாய்கள் பக்கம் திரும்பினார். "ராஜத் துரோகம். காதால கேட்டீங்கல்ல? கேட்டுட்டும் சும்மா நின்னா உங்களுக்கும் சைபீரியாதான்."

சிப்பாய்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு ஆளுக்கொரு கையாகப் பிடித்து மேஜரை இழுத்துப் போனார்கள்.

காலடிச் சத்தம் ஓய்ந்ததும் அனிசிமின் முட்டிவலியும் ஓய்ந்தது. எழுந்து, அதுவரை தான் மேலே உட்கார்ந்து மறைத்திருந்த வம்சாவளிப் படத்தை எடுத்து விரித்தார். அதில் வரைந்த வம்ச மரத்தின் உச்சிக் கிளையில், பொன் மையால், போன வருஷம் அவரே எழுதிய பெயர்: சக்கரவர்த்தி இவான்.

கத்தியால் அதைச் சுரண்டிவிட்டு, அந்த இடத்தில் அழகாக ஓர் இலை வரைந்தார்.