குழிக்குள் பத்தொன்பது நாள்

பத்தொன்பதாவது நாளும் எதிரி வரவில்லை.

துப்பாக்கியை மணல் மூட்டைமேல் சாய்த்துவிட்டு, அவன் எதிரே இருந்த மேட்டையே வெறித்துக்கொண்டிருந்தான். ஒரு காக்கை வந்தது, உட்கார்ந்தது, சலித்துப்போய்ப் பறந்துவிட்டது. கொடுத்துவைத்த காக்கை.

"முன்னூத்திப் பன்னெண்டு," என்றான்.

"என்னடா அது?" பதுங்குகுழியில் கூட இருந்த ஒரே ஆள், தாடி, படுத்தபடியே கேட்டான்.

"இந்தச் சுவத்துல இருக்கிற மூட்டைண்ணே. நேத்து முன்னூத்திப் பதினொண்ணுதான் இருந்துச்சு. எவனோ ஒண்ணு சேர்த்து வச்சிருக்கான்."

"எண்ணத் தெரியாதவனையெல்லாம் பட்டாளத்துல சேர்த்தா இப்படித்தான்."

ஒலிபெருக்கி கரகரத்தது. "குழியில இருக்கிறவங்க எந்திரிக்காதீங்க! மேகம் விலகினதும் ஷாட்!"

உதவி இயக்குநர். தினமும் இதே பாட்டு. மேட்டில் கேமரா தார்ப்பாயைப் போர்த்திக்கொண்டு தூங்கியது. இயக்குநருக்கு இது முதல் படம். வேனை விட்டு இறங்கியதே இல்லை. அந்த மகராசன் கறுப்பா சிவப்பா என்று துணை நடிகர்கள் யாருக்கும் தெரியாது.

மூட்டை எண்ணியவனை எல்லோரும் 'முதுகு' என்றுதான் கூப்பிடுவார்கள். ஒன்பது வருஷம், நாற்பது படம்; கூட்டத்தில் ஒருவனாக அவன் முதுகு மட்டும்தான் திரையில் தெரிந்திருக்கிறது. இந்தப் படத்தில்தான் ஒரு குளோசப் தருவதாகச் சொல்லியிருந்தார்கள். ஷாட் முடிவதற்குள் கிளம்பினால் படத்திலேயே கிடையாது. செல்போனை முதல் நாளே வாங்கிப் பூட்டிவிட்டார்கள்.

வீட்டில் மனைவி நிறைமாதம். டாக்டர் சொன்ன தேதி தாண்டி ஆறு நாள்.

"கிளம்பும்போது உன் பொண்டாட்டி என்னமோ சொன்னான்னியே, அதை இன்னொரு தடவை சொல்லுடா. பொழுதாவது போகட்டும்," என்றான் தாடி.

"'நான் வலியில கத்தும்போது நீ கதவுக்கு வெளிய நிக்கணும், அது போதும் எனக்கு'ன்னா." முதுகு பக்கத்து மூட்டையில் ஒரு குத்து விட்டான். "எவனையாவது அடிக்கச் சொன்னாக்கூட அடிச்சிருவேண்ணே. இந்தச் சும்மா உக்கார்றது இருக்கே... மண்டைக்குள்ள எறும்பு ஊறுது."

"அந்த டைரக்டர் மட்டும் என் கையில கிடைச்சான்னு வையி..." தாடி பல்லைக் கடித்தான். "மனுஷனாடா அவன்? ஆனா நீ அவசரப்படாத. ஒன்பது வருஷம் பொறுத்தவனுக்கு இன்னும் ஒரு நாள் பெருசா?"

இந்த 'இன்னும் ஒரு நாளை' தாடி எத்தனை நாளாகச் சொல்கிறான்! முதுகுக்குச் சிரிப்பு வந்தது. நிறுத்தப் பார்த்தான், நிற்கவில்லை. அது எப்போது அழுகையாக மாறியது என்று அவனுக்கே தெரியாது.

தொப்பியைக் கழற்றி வீசினான். துப்பாக்கியை ஓங்கி மூட்டையில் அடித்தான். பிளாஸ்டிக் இரண்டாக முறிந்து விழுந்தது.

"என் மூஞ்சி ஊருக்குத் தெரியவே வேணாம்! என் புள்ளைக்குத் தெரிஞ்சாப் போதும்!"

குழியின் விளிம்பைப் பிடித்து ஏறினான். தடுப்பார்கள், கத்துவார்கள் என்று நினைத்தான். ஒலிபெருக்கி ஏனோ வாயே திறக்கவில்லை. சாலை இருந்த திசையைப் பார்த்து, விழுந்தடித்துக்கொண்டு ஓடினான்.

தாடி எழுந்து சட்டையில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டினான். மணல் மூட்டைகளின் பக்கம் திரும்பினான். முன்னூற்றுப் பன்னிரண்டாவது மூட்டையின் கிழிசலில் ஒரு லென்ஸ் பளபளத்தது.

"கேமராவை நிறுத்துப்பா. அவனுக்குப் பொண்ணு பொறந்து நாலு நாளாச்சுன்னு யாராவது ஓடிப்போய்ச் சொல்லுங்க."